பதினோராவது வேர்ஷனும் அனுப்பியாச்சு, பலன்ஸ் இன்னும் வரேல்ல

கட்_கட்_கட் · வெள்ளவத்தை · திங்கள், இரவு 11:48

கனகாலமா வாசிச்சிட்டு மட்டும் போறனான், இண்டைக்குத்தான் எழுதுறன். வீட்டில சொன்னா "அப்ப கல்யாண வீடியோவையே எடுத்துக்கொண்டிருந்திருக்கலாமே" எண்டுதான் வரும், அதால இங்க கொட்டுறன்.

ஒரு பொடியன் தன்ர பாட்டுக்கு வீடியோ எடுத்துத் தாங்கோ எண்டு வந்தவன். நல்ல பாட்டு, பிரிவுப் பாட்டு, கேட்ட உடன எனக்குக் கடற்கரையும் ரயிலும் கண்ணுக்குள்ள வந்திட்டுது. காசு போடுறவர் வெளிநாட்டில. அவருக்குக் கொழும்பில புதுசாத் திறந்த சாப்பாட்டுக் கடை ஒண்டும் இருக்கு (இதை ஞாபகம் வச்சுக்கொள்ளுங்கோ). பேச்சு மூண்டரை லட்சம், ரெண்டு லட்சம் அட்வான்ஸ், மிச்சம் வீடியோ கையில குடுக்கேக்க. எல்லாம் வட்ஸ்அப் வொய்ஸ் மெசேஜ்தான், எழுத்தில ஒண்டும் இல்லை.

கணக்கைச் சொல்லுறன், ஆரும் சிரிக்கக்கூடாது. கமராவும் லென்சும் ரெண்டு நாளுக்கு 45,000. லைட், ஜெனரேட்டர் 60,000. ஆடின 8 பேருக்கு தலைக்கு 7,500 படி 60,000, டான்ஸ் மாஸ்டருக்கு 35,000. லொகேஷன் 40,000. வான் 32,000. சாப்பாடு 28,000, பார்சல் விலை தெரியும்தானே. மேக்கப்பும் உடுப்பும் 30,000. கூட்டினா 330,000. மிச்ச 20,000க்குள்ளதான் என்ர டிரெக்ஷன், எடிட், கலர் எல்லாம். கையில வந்தது 2 லட்சம், இடையில நிக்கிற 130,000 அம்மாவின்ர காப்பு, செட்டியார் தெருவில அடகில கிடக்கு.

இப்ப பதினோராவது வேர்ஷன் அனுப்பியாச்சு. ஐஞ்சாவதில "ஹீரோ முகம் கறுப்பா இருக்கு". ஏழாவதில "டான்ஸ் காணாது". ஒன்பதாவதில இருந்துதான் கதை மாறினது, "தம்பி எங்கட கடை போர்டை ஒரு 12 செக்கன் காட்டுங்கோ". பிரிவுப் பாட்டு அண்ணை! பெட்டை ரயில் ஏறிப் போறாள், இவன் அழுறான், அடுத்த ஷொட்டில கொத்து ரொட்டி போர்டு!

கேள்வி ஒண்டுதான்: போர்டைப் போட்டுக் குடுத்திட்டுக் காசை வாங்கவா, இல்லாட்டி பலன்ஸ் வந்தாத்தான் பைல் எண்டு நிக்கவா?

சும்மா_பாக்கிறன் · 11:55

12 செக்கன் போர்டெண்டா அது விளம்பரம் மச்சான், இடையில பாட்டு வருது.

மருதானை நானா · செவ்வாய், காலை 6:20

தம்பி, நான் கேமரா வாடகைக்கு கொடுக்குற ஆள், ஒங்களப் போல பத்துப் பேர் மாசம் மாசம் வந்து போற. எல்லாரும் செல்ற கதை ஒண்டுதான், பலன்ஸ் வரல்ல. மொதல்ல ஒண்டு செல்றன் கோவிக்க வாணாம், 20,000 மிச்சம் வெச்சு வேல எடுத்தது ஒங்கட பிழ. அது சம்பளமா? ரெண்டு நாள் ஷூட், பத்து நாள் எடிட், நாளைக்கு 2,000 கூட இல்ல. மேசன் பாஸ் அதவிட மிச்சம் எடுக்குறார்.

என்ட பக்கத்தையும் பாருங்க. 2022 மார்ச்ல டொலர் 200 சொச்சம், மே மாசம் 350 தாண்டிட்டு. அதுக்குப் பொறகு வாங்கின லென்ஸெல்லாம் பழைய விலைல ரெண்டு மடங்கு மாதிரி ஈக்கிது, வாடகைய அப்பிடி ஏத்த ஏலுமா? ஏத்தினா நீங்க வர மாட்டீங்க. அதால ஒரு லென்ஸ் கீறல் பட்டாலும் என்ட நெஞ்சுதான் பத்துற.

பைல் கொடுக்க வாணாம். வாட்டர்மார்க் போட்டு, சின்ன சைஸ்ல அனுப்புங்க. ஒரிஜினல் ஒங்கட கையிலயே ஈக்கட்டும்.

அட்டன் எடிட்டர் · கொழும்பு 13 · காலை 9:04

நானா சொல்றது சரிங்க. நான் எடிட் டேபிள்ல ஒக்காந்து பத்து வருஷம் ஆச்சு, என் அனுபவத்துல திருத்தம் மூணு தடவைதான் இலவசம், நாலாவதுல இருந்து காசுன்னு மொதல்லயே சொல்லிட்டா அந்த நாலாவது வரவே வராது. சொல்லலன்னா பதினஞ்சு வரும். பார்க்கிற ஒவ்வொருத்தரும் ஒண்ணு சொல்லுவாங்க, காசு போட்டவரோட மச்சினன் கூட சொல்லுவாரு.

ஆனா எடிட்டுக்கு வர்ற பாதிப் பிரச்சனை ஷூட்லயே ஆரம்பிக்குது, அதையும் பேசணும். போன மாசம் ஒரு புட்டேஜ் வந்துச்சு, புறக்கோட்டைல ஒரு துணிக்கடைக்குள்ள எடுத்தது. கடை முழுக்க டியூப் லைட். பையன் யூடியூப்ல அமெரிக்காக்காரன் சொன்னதப் பார்த்து செக்கனுக்கு 60 பிரேம்ல, ஷட்டர் 1/60ல (ஒவ்வொரு பிரேமுக்கும் 1/60 செக்கன் வெளிச்சம் விழுற மாதிரி) வச்சு எடுத்திருக்கான். நம்ம நாட்டு கரண்ட் 50 ஹேர்ட்ஸ், அங்க மாதிரி 60 இல்ல, லைட்டு செக்கனுக்கு 100 தடவை மின்னுது, கண்ணுக்குத் தெரியாது, கேமராவுக்குத் தெரியும். ஷட்டர் 1/50, 1/100ன்னு வச்சா ஒவ்வொரு பிரேமுலயும் முழு மின்னல் விழும், படம் நிக்கும். 1/60ல வச்சதால அந்தப் பாட்டுல முழுக்க ஒரு கறுப்புப் பட்டை மேலயும் கீழயும் நீந்துது. கேமராவோட சின்னத் திரையில பார்க்க தெரியல, பெரிய மொனிட்டர்ல போட்டதும் பாடகருக்கு கண்ணுல தண்ணி. அந்த மினுக்கல எடுக்கிற சாப்ட்வேர் போட்டு பாதிதான் சரியாச்சு, மிச்சத்துக்கு "பழைய டிவி எபெக்ட்"னு ஒரு கதை சொல்லி ஒப்பேத்தினேன். கொமெண்ட்ல எல்லாரும் வித்தியாசமான ஐடியான்னு பாராட்டினாங்க, அத நினைச்சா இன்னும் சிரிப்பு.

ஸ்காபரோ மாமா · ரொறன்ரோ · இரவு 7:31

எல்லாரும் காசு போடுறவனை வில்லனாக்கிறியள். அந்தப் பக்கத்தையும் ஒருக்கா கேளுங்கோ.

நான் நாலு பாட்டுக்குக் காசு போட்டனான். பெரிய முதலாளி இல்லை, பனிக்குள்ள ட்ரக் ஓடின காசு. முதல் பாட்டு, டிரெக்டர் தம்பி ஹார்ட் டிஸ்க் பழுதாப்போச்சு எண்டான், முடிஞ்சுது. ரெண்டாவது வந்தது, ஆனா பாட்டுக்காரர் எங்க எண்டு தேடவேணும், முழுக்க ட்ரோன் ஷொட். மூண்டாவதுக்கு யூடியூப்பில 40,000 பார்வை, அதில எனக்கு வந்த காசு ஒரு கோப்பிக்குக் காணாது. சனல் ஆற்ற பேரில எண்டு அப்பதான் கேட்டன், பாடினவரின்ர பேரிலயாம். அப்ப நான் என்னத்தைத்தான் கேக்கிறது? என்ர கடைப் பேர் ஒருக்கா வரட்டும் எண்டு கேட்டா குற்றமோ?

இங்க பெரிய கொம்பனிக்காரர் வீடியோவுக்குச் செலவழிச்சா அது பாடினவருக்குக் குடுத்த கடன் மாதிரி, பாதியோ முழுசோ ராயல்டியில கழிப்பினம். அதுதான் முறை. எங்கட ஆக்களுக்குக் கழிக்க ராயல்டியும் இல்லை, பிறகு எங்கயிருந்து கழிக்கிறது.

கட்_கட்_கட் · இரவு 8:10

மாமா, நீங்கள் சொல்லுறதில நியாயம் இல்லாமலில்லை. கடைப் பேரைக் காட்டச் சொல்லி முதலே சொல்லியிருந்தா நான் கதையையே அப்பிடி எழுதியிருப்பன், பெட்டை அந்தக் கடையிலதான் வேலை செய்யிறாள் எண்டு வச்சிருக்கலாம். ஒன்பதாவது வேர்ஷனில வந்து சொன்னா நான் போர்டை எங்க ஒட்டுறது, பெட்டையின்ர நெத்தியிலயோ?

பாட்டுக்காரி_13 · கொட்டாஞ்சேனை · இரவு 8:42

காசு போடுறவையின்ர அடுத்த வியாதியையும் சொல்லுறன். எனக்கு வந்தவர் வீடியோவை விட்டிட்டுப் பாட்டிலயே கை வச்சார். "எண்டு" எண்டு பாடாதேங்கோ "என்று" எண்டு பாடுங்கோ, இல்லாட்டி இந்தியாவில விளங்காது, அங்கதான் பார்வை கிடக்கு எண்டு. நான் கொட்டாஞ்சேனையில பிறந்து வளந்தனான், என்ர வாயில சென்னை எப்பிடி வரும்? மூண்டு நாள் டப்பிங் மாதிரிப் பாடி, கேட்டா நானே ஆரோ மாதிரி இருக்கு. வீடியோவிலயும் அதே கதைதான். "லொகேஷன் இலங்கை மாதிரித் தெரியக்கூடாது" எண்டாங்கள். அப்ப ஏனய்யா கொழும்பில எடுக்கிறியள்.

அதோட நிக்கேல்ல. பாட்டு தொடங்க முன்னம் ஒரு 20 செக்கன் வயலின் இருந்தது, அதை வெட்டச் சொல்லிட்டினம், ரிக்டொக்கில ஆரும் நிக்காயினமாம், நேர கோரஸுக்கு வரட்டாம். அந்த வயலின் வாசிச்சவர் 65 வயசு ஆள், தன்ர மனிசியையும் கூட்டிக்கொண்டு வந்து வீடியோ பாத்தவர். நான் அவற்ற முகத்தைப் பாக்கேல்ல.

பழைய ரேடியோ · இரவு 9:30

பிள்ளை, நித்தி கனகரத்தினம் சின்ன மாமியே பாட்டை யாழ்ப்பாணப் பேச்சிலதான் பாடினவர். ஏ.ஈ. மனோகரன் சுராங்கனிப் பாட்டைச் சிங்களத்தையும் தமிழையும் கலந்து பாடி, அது இந்தியாவிலயும் ஓடினது. ஆரும் விளங்கேல்ல எண்டு சொல்லேல்ல. அப்ப எங்களுக்கு வீடியோவும் இல்லை, ரீவியும் இல்லை, ரூபவாஹினி வந்ததே 1982ல. ரேடியோதான். பாட்டுப் போகுதோ இல்லையோ எண்டது கலியாண வீட்டு பாண்ட் அதை வாசிக்குதோ எண்டதில தெரிஞ்சிடும்.

அமெரிக்காவில 1981 ஓகஸ்டில எம்.ரீ.வி. எண்ட பாட்டு வீடியோ ரீவி சனல் தொடங்கினாப்பிறகுதான் படம் இல்லாமல் பாட்டு விக்கேலாது எண்ட நிலைமை வந்தது. ஆனா காசுச் சண்டை அண்டைக்கும் இதேதான். மைக்கல் ஜாக்சன் 1983ல திரில்லர் வீடியோ எடுக்கேக்க கொம்பனி அவ்வளவு காசு போட விரும்பேல்ல, அப்ப என்ன செய்தவை தெரியுமோ, வீடியோ எடுக்கிறதையே ஒரு ஆவணப்படமாக்கி அதின்ர உரிமையை எம்.ரீ.வி.க்கும் ஷோடைம் எண்ட ரீவி சனலுக்கும் வித்து அந்தக் காசில முடிச்சவை. கொத்து ரொட்டி போர்டை விட அது மரியாதையான வழி.

சும்மா_பாக்கிறன் · 9:41

ஐயா போட்டார் பாருங்கோ ஒரு போடு

அட்டன் எடிட்டர் · 10:02

ஐயா சொன்னது உண்மை, ஆனா மைக்கல் ஜாக்சனுக்கு மேக்கிங்க வாங்க ஆள் இருந்துச்சு, நம்ம மேக்கிங்க யாரு வாங்குவா, மேக்கப் அக்காவே பார்க்க மாட்டாங்க.

காசு இல்லாட்டி ஐடியா வேணும், அவ்வளவுதாங்க. ஓகே கோன்னு ஒரு பேண்ட், 2006ல 8 ட்ரெட்மில் மேல ஒரே ஷொட்ல ஆடினாங்க, பாடகரோட அக்காதான் டிரெக்ட் பண்ணாங்க, அதுக்கு கிராமியே கெடச்சுது. நம்ம ஊர்லயே 2021ல யொஹானியும் சதீஷனும் பாடின 'மணிகே மகே ஹிதே' சிங்களப் பாட்டு கவர் (ஏற்கனவே வந்த பாட்ட திரும்பப் பாடினது), மைக்குக்கு முன்னால நின்னு பாடினதுதான, அதுல டான்ஸ் மாஸ்டர் எங்க இருந்தாரு, ஜெனரேட்டர் எங்க இருந்துச்சு? நம்ம பசங்க 3 லட்சத்த கைல வச்சுக்கிட்டு 3 கோடி சினிமாப் பாட்டு மாதிரி எடுக்கப் பார்க்கிறாங்க, எட்டு பேரு ஆடினா எண்பது பேரு மாதிரி தெரியணுமாம். வைட் ஷொட் வச்சா எட்டு பேருதான் தெரியும்.

கட்_கட்_கட் · 10:37

குத்திட்டீங்கள் அண்ணை. எட்டுப் பேர் ஐடியா என்ரதான், காசு போட்டவர் கேட்டது பிறகு.

சரி உங்களுக்கு அந்தப் பின்னேரத்தைச் சொல்லுறன். மரைன் டிரைவ் பக்கம், கடலுக்கும் ரோட்டுக்கும் நடுவில தண்டவாளம் போகுதே, அந்த இடம். தண்டவாளத்தில ஏறி எடுக்கிறதெண்டா ரயில்வேயிட்ட அனுமதி வேணும், அதுக்கு ஓட நேரமில்லை, அதால ரோட்டுப் பக்கம் நிண்டு பின்னால ரயில் போறமாதிரிப் பிளான். ஸ்லோ மோஷனில பாடவேணும். விளங்காதவைக்கு: 50 பிரேமில எடுத்து 25ல ஓட்டினா எல்லாம் பாதி வேகமாகும், ஆனா உதடு பாட்டோட ஒட்டவேணும், அதால எடுக்கேக்க பாட்டை ரெண்டு மடங்கு வேகத்தில போடுவம், பாடுறவனும் ரெண்டு மடங்கு வேகத்தில வாயசைக்க வேணும். பொடியன் வீட்டில பழகேல்ல. ஸ்பீக்கரில பாட்டு கீச்சுக்குரலில ஓடுது, பிரிவுத்துயரம் அணில் கத்திற மாதிரி. ரோட்டால போன ஓட்டோக்காரர் நிப்பாட்டி "மே மொக்கத மல்லி" (இது என்ன தம்பி) எண்டு சிங்களத்தில கேக்கிறார், ஆடுற பிள்ளையள் சிரிக்குதுகள், இவனுக்கு வாய் குழறுது. எங்கட ஊரில சூரியன் நேர கடலுக்குள்ள விழுறது, நல்ல வெளிச்சம் கிடைச்சா 20 நிமிசம். அதுக்குள்ள ரெண்டு ரயில் போச்சு. முதல் ரயிலுக்கு இவன் வரியை மறந்தான், ரெண்டாவதுக்கு நான் ரெக்கோர்ட் பட்டனை ரெண்டு தரம் அமத்திட்டன், அதாவது நிப்பாட்டிட்டன். மூண்டாவது ரயில் வரேக்க இருட்டு. இப்ப வீடியோவில இருக்கிறது ஒரு அரைகுறை ரயில், வால் மட்டும்.

அந்த அரை ரயிலில எனக்கு ஒரு பிடிப்பு. பெட்டை போயிட்டாள், வால்தான் மிச்சம். கடைக்காரர் "தம்பி ரயில் வடிவா விழேல்ல, அந்த இடத்தில போர்டைப் போடுங்கோ" எண்டேக்கதான் உண்மையா எனக்கு விசர் வந்தது.

மருதானை நானா · புதன், காலை 6:05

ரெக்கோர்ட் பட்டன் கதைய வாசிச்சிட்டு பஜ்ர் தொழுதிட்டு வந்தும் சிரிப்பு நிக்கல்ல. எல்லாருக்கும் நடந்தீக்கிது தம்பி, யாரும் செல்றல்ல.

ஸ்காபரோ மாமா · காலை 8:15

பார்வைக்குக் காசு குடுக்கிறதைப் பற்றியும் ஆராவது சொல்லுங்கோ. எனக்கொரு தம்பி 300 டொலருக்கு ஒரு லட்சம் பார்வை எடுத்துத் தாறன் எண்டான்.

அட்டன் எடிட்டர் · 9:22

மாமா அதுல ரெண்டு வகை இருக்குங்க. ஒண்ணு கூகிள் விளம்பரம் வழியா நேர்மையா போடுறது, அது உண்மையான ஆள்தான் பார்க்கிறாங்க, ஆனா ஸ்கிப் வர்ற வரைக்கும் பார்த்துட்டு ஓடிருவாங்க. இன்னொண்ணு எங்கயோ மெஷின் வச்சு ஓட்டுறது, அத யூடியூப் கண்டுபிடிச்சா எண்ணிக்கைய கழிச்சிரும், சனலுக்கும் ஆபத்து. விளம்பரத்துல வர்ற பார்வையக் கூட 2019 செப்டம்பர்ல இருந்து யூடியூப் தன்னோட மியூசிக் சார்ட்டுக்கும் 24 மணி நேர சாதனைக்கும் சேர்க்கிறதில்ல. ஒரு லட்சம் பார்வையும் பன்னெண்டு கொமெண்டும் இருக்கிற வீடியோவப் பார்த்தா எங்களுக்கு உடனே தெரிஞ்சிரும், அதுலயும் ஆறு கொமெண்ட் பாடினவரோட சித்தி.

வருமானம் வேணும்னா 1,000 சப்ஸ்கிரைபர், ஒரு வருஷத்துல 4,000 மணி நேரம், அப்புறம் 100 டொலர் சேர்ந்தாத்தான் ஆட்சென்ஸ் (கூகிளோட விளம்பரக் காசு தர்ற பிரிவு) அனுப்பும். நாலு நிமிஷப் பாட்ட வச்சு 4,000 மணி நேரம்னா, முழுசாப் பார்த்தாலே அறுபதாயிரம் தடவை. யாரு முழுசாப் பார்க்கிறா?

பவுடர்_பெட்டி · தெகிவளை · பகல் 1:17

இவ்வளவு நேரம் பேசாமல் வாசிச்சுக்கொண்டிருந்தனான். கமரா, லைட், போர்டு, பார்வை, எல்லாம் கதைக்கிறியள். மேக்கப் எண்டு ஒரு வரி, அதுவும் உடுப்போட சேத்து 30,000. அதில 21,000 உடுப்பு வாடகை எண்டு ஏன் ஆரும் எழுதேல்ல?

விடிய 5 மணிக்கு வரச்சொன்னா நாங்கள் 5க்கு வாறம், டிரெக்டர் 7:30க்கு வாறார். கடற்கரைக் காத்தில ஆடின பிள்ளையளுக்கு வேர்வை, உப்பு, ஒவ்வொரு டேக்குக்கும் முகம் துடைச்சுத் திரும்பப் போடுறது. பெட்டைக்கு அழுத கண் வேணும், ஆனா மஸ்காரா கரையக்கூடாது. ரெண்டாம் நாள் காக்கைதீவில இரவு 1:40க்கு பாக்கப் எண்டிச்சினம், வான் கமராச் சாமானோட போயிட்டுது. ஆடின பிள்ளையளில மூண்டு பேரை ஓட்டோவில ஏத்தி அவையவையின்ர வீட்டில இறக்கிப்போட்டு தெகிவளைக்கு நான் வந்து சேர 3 மணி. ஓட்டோ 1,850 ரூபா. ஆர் தந்தது? என்ர பேர்ஸ்.

கட்_கட்_கட் அண்ணை, நான் ஆரெண்டு உங்களுக்கு இப்ப விளங்கியிருக்கும்.

சும்மா_பாக்கிறன் · 1:19

ஐயோ

கட்_கட்_கட் · 2:50

அக்கா மன்னிச்சுக்கொள்ளுங்கோ. வான் விசயம் எனக்குத் தெரியாது எண்டு சொல்ல வந்தன், ஆனா தெரிஞ்சிருக்க வேண்டியது நான்தான். பிள்ளையளை வீட்ட சேக்கிறது என்ர பொறுப்பு. ஓட்டோ காசு தாறன்.

பழைய ரேடியோ · 4:05

தம்பி, சட்டத்தையும் ஒருக்கா பாரும். 2003ஆம் ஆண்டு 36ஆம் இலக்கப் புலமைச் சொத்துச் சட்டம் இருக்கு, உரிமையை ஒருத்தருக்கு மாத்திக் குடுக்கிறதெண்டா எழுத்தில கையெழுத்தோட வேணும், வொய்ஸ் மெசேஜ் காணாது. காசுப் பிரச்சினைக்கு மத்தியஸ்த சபை இருக்கு, சட்டத்தரணிக்குச் செலவில்லை. ஆனா உம்மட ஆள் வெளிநாட்டில இருக்கிறார், கூப்பிட்டா வருவாரோ? அவற்ற கடை இங்க இருக்குத்தானே, கடையை நடத்திறது ஆர் எண்டு பாத்து, முதல் அவரோட நேர போய் இருந்து ஒரு ரீ குடிச்சுக் கதையும். ரீயை நீரே வாங்கும்.

கட்_கட்_கட் · ஞாயிறு, இரவு 10:26

அப்டேட். ஐயா சொன்னமாதிரி போனன். கடையை நடத்திறது அவற்ற தங்கச்சி. நல்ல மனிசி, வீடியோவை போனில பாத்திட்டு அழுதிட்டா, அரை ரயில் வாற இடத்தில. போர்டைப் பற்றிச் சொன்னன். "அண்ணா ஒரு பைத்தியம், போர்டை ஏன் இதுக்குள்ள" எண்டிட்டு அவவே கோல் போட்டா.

கடைசியில பேசி முடிச்சது இப்பிடி. பன்னிரண்டாவது வேர்ஷனில போர்டு இல்லை. பொடியன் அதே கடையில ரெண்டு பேருக்குரிய மேசையில தனிய இருந்து பிளேன் ரீ குடிக்கிறான், முன்னால ஒரு வெறுங் கதிரை, கண்ணாடியில கடைப் பேர் இடம் வலம் மாறித் தெரியும், 4 செக்கன். அதை நேற்று பின்னேரம் நானும் அவனும் மட்டும் போய் 40 நிமிசத்தில எடுத்தம், லைட் இல்லை, ஜெனரேட்டர் இல்லை, ஷட்டர் 1/50, அட்டன் அண்ணைக்கு நன்றி. உண்மையைச் சொன்னா முழு வீடியோவிலயும் எனக்குப் பிடிச்ச ஷொட் இப்ப அதுதான், அதைச் சொல்ல வயிறு எரியுது.

ஒரு லட்சம் வந்திட்டுது. 50,000 ரிலீஸ் அண்டைக்காம். காப்பு இன்னும் செட்டியார் தெருவிலதான்.

மருதானை நானா · 10:40

மாஷா அல்லாஹ். அடுத்த வேலைக்கு எழுதி வாங்குங்க. வந்தா கேமரால 10 வீதம் கழிச்சு தாறன், பட்டன ஒருக்கா மட்டும் அமத்துறதெண்டா.

ஸ்காபரோ மாமா · 11:12

கடைப் பேர் இடம் வலம் மாறித் தெரிஞ்சா ஆர் வாசிக்கிறது?

பவுடர்_பெட்டி · 11:15

ஒரு லட்சம் வந்திட்டுதெண்டு வாசிச்சன் அண்ணை. 1,850.